குழந்தைக்கு அங்கே என்ன வேலை?

திருவான்மியூரைத் தாண்டிக் கிழக்குக் கடற்கரைச் சாலையில் ஏறிவிட்டால், பிள்ளைகளோடு பயணம் போகிறவர்களுக்கு ஒரு சௌகரியம் உண்டு. மாமல்லபுரம் வரை எந்த இடத்திலும் ஒரு மணி நேரம் தொடர்ந்து வண்டிக்குள் அடைந்து கிடக்க வேண்டியதில்லை. முட்டுக்காடு, கோவளம், வடநெம்மேலி என்று இறங்குவதற்கு ஓர் ஊர் வந்துகொண்டே இருக்கும். இடப்பக்கம் கடல் கூடவே வரும். அதற்கும் தெற்கே புதுச்சேரி, கடலூர், சிதம்பரம், தரங்கம்பாடி. இந்தத் தடத்தை நாங்கள் தேர்ந்தெடுத்ததற்கு அது முதல் காரணம். இரண்டாவது காரணம், பருவம். ஜனவரி கடைசியில் வடகிழக்குப் பருவமழை ஓய்ந்திருக்கும். வெயில் இன்னும் உக்கிரம் கொள்ளாது. வேடந்தாங்கலில் பறவைகள் கூடு கட்டியிருக்கும். காணும் பொங்கல் கூட்டமும் கலைந்திருக்கும்.

வண்டியில் ஐந்து பேர். பத்து வயதுப் பெரியவள், ஐந்து வயதுச் சின்னவன், என் அம்மா, ஓட்டுவதற்குக் கணவர், பைகளுக்குப் பொறுப்பாக நான். அம்மாவுக்குச் சொந்த ஊர் மாயவரம் பக்கம். பயணம் தரங்கம்பாடியில் முடிய வேண்டும் என்பது அவள் விருப்பம்.

எங்கே போவது என்று யோசித்த நாட்களில் என்னிடம் நீளமான ஒரு பட்டியல் இருந்தது. சொந்தக்காரர்களும் அலுவலகத்துத் தோழிகளும் சொன்ன பெயர்கள்தான் அதில் பாதி. ஒவ்வொன்றாக அம்மாவிடம் படித்துக் காட்டினேன். ஒவ்வொன்றுக்கும் அவள் ஒரே கேள்வியைக் கேட்டாள். "அது சரிடி, அங்க புள்ளைங்களுக்கு என்ன வேலை?"

அந்தக் கேள்விக்கு நிற்காமல் பட்டியலில் பாதி உதிர்ந்துபோனது. மலை ஊர்களின் காட்சிமுனைகளை எடுத்துக்கொள்ளுங்கள். கம்பியைப் பிடித்துக்கொண்டு பள்ளத்தாக்கைப் பார்த்து நிற்பதில் நமக்கு ஒரு நிம்மதி இருக்கிறது. வீட்டுக் கடன், மேலாளர், மாதக் கடைசி எல்லாம் கொஞ்ச நேரம் தூரப் போய்விடுகின்றன. ஐந்து வயதுப் பிள்ளைக்கு அப்படித் தூரமாக்க வேண்டிய பாரம் எதுவும் இல்லை. கைக்கு எட்டாத எதுவும் அவனுக்கு அவ்வளவாகப் பொருட்டில்லை. எதிரே நிற்கும் மலையைவிடக் காலடியில் ஊரும் கட்டெறும்பு முக்கியம். ஆகவே, போகிற இடத்தில் பிள்ளைகள் பார்க்க மட்டுமல்லாமல் செய்யவும் ஏதாவது இருக்கிறதா என்று ஒவ்வொரு ஊராகச் சலித்தோம். சலித்து மிஞ்சியவைதான் இந்தப் பயணத்தில் நாங்கள் இறங்கிய இடங்கள்.

வடநெம்மேலி: அசையாததைக் காவல் காப்பது

ரோமுலஸ் விட்டேக்கரும் ஜாய் விட்டேக்கரும் சேர்ந்து 1976-இல் தொடங்கிய முதலைப் பண்ணை வடநெம்மேலியில், சாலையை ஒட்டியே இருக்கிறது. வேட்டையாலும் நீர்நிலைகள் சுருங்கியதாலும் இந்திய முதலைகள் அழிவை நெருங்கியிருந்த காலம் அது. முட்டைகளைப் பாதுகாத்துக் குஞ்சு பொரிக்க வைத்துப் பெருக்குவதற்காகத் தொடங்கிய இடம், இன்று ஊர்வன பற்றிய ஆராய்ச்சிக்கும் பேர்போனது. வாரத்தில் ஒரு நாள் விடுமுறை உண்டு. அது எந்த நாள் என்று விசாரித்துக்கொண்டு கிளம்புவது நல்லது. வாசல் வரை போய்த் திரும்பும் ஏமாற்றத்தைப் பிள்ளைகளுக்கு விளக்கிச் சொல்ல முடியாது.

உள்ளே போனதும் சதுப்புநில முதலைகள். பத்து, இருபது என்று ஒன்றன்மேல் ஒன்று தலைவைத்து வெயிலில் கிடக்கின்றன. வாய் பிளந்தபடி அப்படியே. சின்னவன் சுவரில் தாடையை வைத்துப் பார்த்துவிட்டுக் கேட்டான். "பாட்டி, இது நெசமா, பொம்மையா?"

"நீயே பாத்துச் சொல்லு," என்றாள் அம்மா.

அவ்வளவுதான், அவனுக்கு வேலை கிடைத்துவிட்டது. எது அசைகிறது என்று கண்டுபிடிக்க வேண்டும். நாங்கள் மூன்று தொட்டிகளைச் சுற்றிவிட்டு வந்தபோதும் அவனும் பாட்டியும் அதே சுவரோரம் இருந்தார்கள். ஒரு முதலை கண்ணை மூடித் திறந்ததாம். இன்னொன்றின் தொண்டை துடித்ததாம். அவனுடைய கணக்கில் நான்கு நிஜம், மற்றவை சந்தேகம். துள்ளிக் குதிக்கும் விலங்குகள்தான் குழந்தைகளுக்குப் பிடிக்கும் என்று நாம் எண்ணுகிறோம். மணிக்கணக்கில் அசையாத ஒரு பிராணியை அரை மணிக்கும் மேல் பார்க்க வைத்தது அதன் அசையாமைதான்.

பெரியவளுக்கு அது போதவில்லை. பத்து வயதில் கண்ணுக்குத் தீனி போட்டால் மட்டும் அடங்காது, காரணமும் வேண்டும். முதலைக்கு வியர்க்காது, உடம்புச் சூட்டைத் தணிக்கத்தான் வாயைத் திறந்துவைக்கிறது என்று அங்கிருந்த ஊழியர் சொன்னதும் அவளுக்கு முதல் முடிச்சு அவிழ்ந்தது. முதலைக் குஞ்சு ஆணா பெண்ணா என்பதை முட்டை புதைந்திருக்கும் மண்ணின் வெப்பமே தீர்மானிக்கிறது என்று கேட்டபோது நின்றுவிட்டாள். "அப்ப ரொம்ப வெயில் அடிச்சா எல்லாமே ஒரே மாதிரி பொறந்துடுமா?" நானும் அந்தக் கேள்வியை யோசித்தபடியே அடுத்த தொட்டிக்குப் போனேன். புவி வெப்பமாவதைப் பற்றிக் கவலைப்படும் விஞ்ஞானிகளும் அதைத்தான் கேட்டுக்கொண்டிருக்கிறார்கள்.

பண்ணையின் வளாகத்திலேயே இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கத்தின் நஞ்சு எடுக்கும் இடம் இருக்கிறது. பாம்புத் தோலுக்காகப் பாம்பு பிடித்துப் பிழைத்தவர்கள் இருளர்கள். 1972-இன் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டமும் அதைத் தொடர்ந்து வந்த தோல் ஏற்றுமதித் தடையும் அந்தப் பிழைப்பை நிறுத்தின. பாம்பைக் கொல்லாமலே அதே கைத்திறனால் பிழைக்க வழி காட்டி 1978-இல் உருவானது இந்தச் சங்கம். நாகம், கண்ணாடி விரியன், கட்டுவிரியன், சுருட்டை விரியன் ஆகிய நான்கையும் அனுமதியோடு பிடித்து வருகிறார்கள். வாயைத் துணியால் கட்டிய மண்பானைகளில் வைத்து, சில முறை நஞ்சு எடுத்தபின் காட்டிலேயே திரும்ப விட்டுவிடுகிறார்கள். நாட்டில் தயாராகும் விஷமுறிவு மருந்துக்கு வேண்டிய நஞ்சில் பெரும்பகுதி இந்தச் சிறிய இடத்திலிருந்து போகிறது.

ஒருவர் பானைக்குள் கொக்கியை விட்டு ஒரு விரியனை எடுத்தார். கூட்டம் மொத்தமும் ஓரடி பின்வாங்கியது. கண்ணாடிக் குப்பியின் வாயில் கட்டிய மெல்லிய சவ்வை அது கடித்ததும், மஞ்சளாகச் சில துளிகள் உள்ளே இறங்கின. சின்னவன் என் புடவையைப் பிடித்துக்கொண்டு, கண்ணை மட்டும் மூடாமல் பார்த்தான். இந்தச் சமூகத்தைச் சேர்ந்த வடிவேல் கோபால், மாசி சடையன் இருவருக்கும் 2023-இல் பத்மஸ்ரீ கிடைத்ததையும், அதற்கு முன்பே 2017-இல் மலைப்பாம்பு பிடிக்க அமெரிக்காவின் புளோரிடாவுக்கு அவர்களை அழைத்திருந்ததையும் பெரியவளுக்குச் சொன்னேன். "படிச்சிட்டா போனாங்க?" என்றாள். "பாம்பைப் படிச்சிட்டுப் போனாங்க," என்றார் என் கணவர்.

மாமல்லபுரம்: பூனையைத் தேடுவது

பல்லவர்களின் மாமல்லபுரத்துக்குப் பிள்ளைகளை அழைத்துப் போகிறவர்கள் இரண்டு வகை. வழிகாட்டியை அமர்த்தி எல்லாவற்றையும் வரிசையாகக் காட்டுகிறவர்கள் ஒரு வகை. படம் எடுத்துக்கொண்டு கடலுக்கு ஓடுகிறவர்கள் இன்னொரு வகை. முதல் வகையில் பிள்ளைகள் களைக்கிறார்கள். இரண்டாவதில் ஊரே அவர்களுக்குத் தெரியாமல் போகிறது. நாங்கள் ஒரே ஒரு சிற்பத்தை எடுத்துக்கொண்டோம்.

அர்ச்சுனன் தபசு என்றும் பகீரதன் தவம் என்றும் அழைக்கப்படும் அந்தப் பாறை, ஏறக்குறைய 30 மீட்டர் நீளம் கொண்டது. நடுவில் ஒரு பிளவு. அதன் வழியாக ஒரு காலத்தில் மேலிருந்து தண்ணீரை ஓடவிட்டிருக்கிறார்கள். நதி இறங்கி வரும் காட்சியைக் கல்லும் தண்ணீரும் சேர்ந்து நடித்துக்காட்டிய இடம் அது. இந்த விளக்கத்தை எல்லாம் நான் முதலில் சொல்லவில்லை. "இதுல ஒரு பூனை சாமியார் வேஷம் போட்டு எல்லாரையும் ஏமாத்துது. எங்கன்னு கண்டுபிடிங்க," என்று மட்டும் சொல்லிவிட்டு நிழலில் உட்கார்ந்தேன்.

இருவரும் பாறையை இடமிருந்து வலமாகத் துழாவத் தொடங்கினார்கள். முதலில் யானைகள் கண்ணில் பட்டன. நிஜ யானையின் அளவுக்கு ஒன்று, அதன் கால்களுக்கு நடுவே குட்டிகள். பிறகு பின்னங்காலால் மூக்கைச் சொறிந்துகொள்ளும் மான். ஒற்றைக்காலில் நிற்கும் எலும்பும் தோலுமான தவசி. பிளவுக்குள் நாகர்கள். கடைசியாக, யானைக்கு முன்னால், கீழே, இரண்டு கைகளையும் தலைக்கு மேல் தூக்கித் தவம் செய்கிற பூனை. அதன் காலடியில் நம்பிக் கூடியிருக்கும் எலிகள். சின்னவன் போட்ட சத்தத்தில் பக்கத்தில் நின்ற ஒரு குடும்பமும் பூனையைப் பார்த்தது. அதற்குப்பின்தான் கேள்விகள் வந்தன. ஏன் பூனை? யார் செதுக்கினார்கள்? ஏன் சில இடங்களில் பாதியில் நிறுத்திவிட்டார்கள்? 7-ஆம் நூற்றாண்டையும் நரசிம்மவர்மனையும் அப்போது உள்ளே கொண்டுவர முடிந்தது. கேட்டபின் சொன்னதால் நின்று கேட்டார்கள்.

வெண்ணெய் உருண்டைப் பாறையைப் பற்றி நான் எதுவும் சொல்லத் தேவையிருக்கவில்லை. சுமார் 6 மீட்டர் உயரமும் ஏறக்குறைய 250 டன் எடையும் கொண்ட அந்த உருண்டை சரிவில் உருளாமல் நிற்பதைப் பெரியவர்கள் வியக்கிறார்கள். பிள்ளைகளோ அதற்குப் பக்கத்திலிருக்கும் சரிவையே பார்க்கிறார்கள். எத்தனையோ தலைமுறைக் குழந்தைகள் சறுக்கிச் சறுக்கி வழவழப்பாகிப்போன பாறை அது. எங்கள் வீட்டுக் கால்சட்டைகள் இரண்டு அங்கே உயிரை விட்டன. மாற்று உடையை வண்டியிலேயே வைத்துவிடாமல் கையில் எடுத்துப் போகச் சொல்வது இதனால்தான்.

கடற்கரைக் கோயிலில் பிள்ளைகளுக்கு ஒன்றும் இல்லை என்று சொன்னால் கல்வெட்டு ஆய்வாளர்கள் கோபிப்பார்கள். ஆனால் அதுதான் நடந்தது. மாலை வெயில் கோபுரத்தில் விழுந்த அந்தப் பொழுது எனக்கானது. கணவர் அவர்களை ஐஸ் வாங்கித் தர அழைத்துப்போக, நான் தனியாக ஒரு சுற்றுச் சுற்றினேன். குடும்பப் பயணத்தில் எல்லாரும் எல்லாவற்றையும் சேர்ந்தே பார்க்க வேண்டும் என்று எந்த விதியும் இல்லை. பெரியவர்களுக்கான ஒரு மணி நேரத்தை இப்படிப் பங்கு பிரித்துக்கொண்டால், பிள்ளைகளின் நேரத்தில் நமக்குக் கடுகடுப்பு வருவதில்லை.

ஊருக்குள் சாலையோரம் எல்லாம் சிற்பக் கூடங்கள். 1957 முதல் இங்கே அரசு சிற்பக் கல்லூரி இயங்குகிறது; மாமல்லபுரம் கற்சிற்பங்களுக்குப் புவிசார் குறியீடும் கிடைத்திருக்கிறது. ஒரு கூடத்தில் வயதான ஸ்தபதி, உடைந்த மாக்கல் துண்டு ஒன்றையும் தேய்ந்த உளி ஒன்றையும் பெரியவளிடம் கொடுத்தார். "கைய தளர்வா வச்சுக்க பாப்பா. நீ அடிக்கக் கூடாது, சுத்தியலே விழணும்." அவள் மீன் ஒன்றைச் செதுக்க நினைத்தாள், கல் வேறு ஏதோவாக முடிந்தது. மறுநாள் ஐந்து ரதங்களின் யானையைப் பார்த்தபோது அவள் அதன் அழகைப் பற்றி ஒரு வார்த்தையும் பேசவில்லை. "இது ஒரே கல்லா? தப்பா ஒரு அடி விழுந்திருந்தா என்ன பண்ணியிருப்பாங்க?" என்றாள்.

விடியற்காலையில் கடற்கரைக்குப் போனோம். குளிக்க அல்ல, இங்கே நீரோட்டத்தின் இழுப்பு பலமானது, முழங்காலுக்கு மேல் இறங்கக் கூடாது. படகுகள் கரையேறும் நேரம் அது. மீனவர்கள் வலையை மணலில் பரப்பி, சிக்கிய மீன்களை ஒவ்வொன்றாகப் பிரித்துக்கொண்டிருந்தார்கள். சின்னவன் பக்கத்தில் போய்க் குந்தினான். "தம்பி, வலைய மிதிக்காத. நண்டு கிடந்தா கைய வைக்காத, கூப்பிடு," என்றார் பெரியவர் ஒருவர். அவனுக்கு நண்டு பார்த்துச் சொல்லும் உத்தியோகம். "தாத்தா, நண்டு!" என்ற குரல் அரை மணி நேரம் ஓயவில்லை. பெண்கள் அங்கேயே ஏலம் எடுத்துக் கூடையில் போட்டுக்கொண்டு கிளம்பினார்கள். கட்டணம் இல்லை, வரிசை இல்லை, வழிகாட்டி இல்லை. பயணத்திலேயே செலவில்லாமல் கிடைத்த காலை அது.

வேடந்தாங்கல்: மூக்கை வைத்து வேலையைச் சொல்வது

மாமல்லபுரத்திலிருந்து மேற்கே திரும்பிச் செங்கல்பட்டு வழியாக வேடந்தாங்கலுக்குப் போனோம். பறவைகள் இரை தேடிவிட்டுக் கூட்டுக்குத் திரும்பும் சாயங்கால நேரத்துக்குக் கணக்கிட்டுப் போவதே சரி. ஏரிக்குள் நிற்கும் மரங்களின் மேல் வெள்ளையும் கறுப்புமாக ஆயிரக்கணக்கான பறவைகள். முதலில் காதில் விழுவது இரைச்சல். அடுத்து மூக்கில் ஏறுவது நாற்றம். சின்னவன் மூக்கைப் பொத்திக்கொண்டான்.

அந்த நாற்றத்துக்குப் பின்னால்தான் இந்த ஊரின் கதையே இருக்கிறது. பறவைகளின் எச்சம் விழுந்த ஏரித் தண்ணீர் வயலுக்கு உரமாகிறது என்பதை இங்கத்து விவசாயிகள் வெகு காலமாக அறிந்திருந்தார்கள். பறவைகளைச் சுட வந்தவர்களைத் தடுத்தார்கள். 18-ஆம் நூற்றாண்டின் இறுதியில் செங்கல்பட்டு கலெக்டராக இருந்த லயனல் பிளேஸிடமே போய், பறவைகளைக் காக்கும் உரிமையை எழுத்தில் வாங்கினார்கள். காட்டுயிர்ப் பாதுகாப்பு என்ற பேச்சு சட்டத்துக்குள் வருவதற்கு வெகு காலம் முன்பே நடந்தது இது. 2022-இல் வேடந்தாங்கல் ராம்சார் ஈரநிலப் பட்டியலில் சேர்ந்தது.

கரையில் தொலைநோக்கி வாடகைக்குக் கிடைக்கிறது. அதை வாங்கிக் கொடுத்துவிட்டு ஒரு விளையாட்டை அமைத்தோம். பறவையின் மூக்கைப் பார்த்து, அது என்ன சாப்பிடும், எப்படிப் பிடிக்கும் என்று சொல்ல வேண்டும். இரண்டு அலகுக்கும் நடுவே இடைவெளி இருக்கும் நாரையைப் பார்த்துப் பெரியவள் குழம்பினாள். அது நத்தையின் ஓட்டிலிருந்து சதையை எடுக்கும் நத்தைகுத்தி நாரை. தட்டையான அலகைத் தண்ணீரில் பக்கவாட்டில் அலசி இரை தேடுகிறது கரண்டிவாயன். சேற்றுக்குள் குத்தித் துழாவுவதற்கு வளைந்த அலகு அரிவாள் மூக்கனுக்கு. கழுத்து மட்டும் நீருக்கு மேல் தெரிய நீந்திய பாம்புத்தாராவைப் பார்த்துச் சின்னவன், "இத அந்த முதலைக்காரங்ககிட்ட சொல்லணும், பாம்பு தப்பிச்சு வந்துடுச்சு," என்றான். கூழைக்கடாவுக்கு எந்தக் கேள்வியும் எழவில்லை. அதன் பை எதற்கு என்று பார்த்த கணமே அவனுக்குத் தெரிந்துவிட்டது.

ஓர் இடத்தைத் தேர்ந்தெடுப்பது என்றால் ஊரின் பெயரைத் தேர்ந்தெடுப்பது மட்டும் அல்ல என்று எனக்கு இங்கே தோன்றியது. மாதத்தையும் மணியையும் சேர்த்துத் தேர்ந்தெடுக்க வேண்டியிருக்கிறது. இதே ஏரிக்கு மே மாத நண்பகலில் வந்தால் வெறும் மரங்கள்தான் நிற்கும். நமக்குக் கிடைக்கிற விடுமுறையில் எந்த ஊர் விழித்திருக்கிறது என்று பார்க்காமல், நமக்குப் பிடித்த ஊரை விடுமுறைக்குள் திணித்தால், வெயிலையும் அலைச்சலையும் பிள்ளைகள் சுமப்பார்கள்.

பிச்சாவரம்: வேருக்குக் கீழே குனிவது

புதுச்சேரியில் இரவு தங்கி, காலையில் கடலூர் வழியாகச் சிதம்பரம். அங்கிருந்து கிழக்கே கொஞ்ச தூரத்தில் பிச்சாவரம். வெள்ளாற்றுக்கும் கொள்ளிடத்துக்கும் இடைப்பட்ட கழிமுகத்தில் விரிந்திருக்கும் அலையாத்திக் காடு. படகுக்குப் போகுமுன் சின்னவன் அளவுக்கு உயிர்காப்பு உடுப்பு இருக்கிறதா என்று பார்த்துக்கொண்டோம். பெரியவர்களின் உடுப்பைப் பிள்ளைக்கு மாட்டிவிடுவதில் பயன் இல்லை. தண்ணீரில் அது கழன்று மேலே வந்துவிடும்.

துடுப்புப் படகைத்தான் எடுத்துக்கொண்டோம். மோட்டார் படகு வேகமாகப் போகும். ஆனால் குறுகிய வாய்க்கால்களுக்குள் நுழையாது. இந்தக் காட்டின் சுவாரசியம் முழுவதும் அந்த வாய்க்கால்களில்தான் இருக்கிறது. இரு கரையிலிருந்தும் சுரபுன்னை மரங்கள் வளைந்து மேலே கூடுகின்றன. வேர்கள் கிளையிலிருந்து இறங்கித் தண்ணீருக்குள் ஊன்றியிருக்கின்றன. "தலைய குனிங்க," என்று படகுக்காரர் சொல்லும் ஒவ்வொரு முறையும் பிள்ளைகளுக்குக் கொண்டாட்டம். உயரம் குறைந்தவர்களுக்கு இந்த உலகத்தில் கிடைக்கும் அபூர்வமான சலுகை அது. நாங்கள் படகோடு படுத்துக் கிடந்தோம், அவர்கள் சும்மா தலையைச் சாய்த்தார்கள்.

"அண்ணே, அது காயா?" என்று பெரியவள் கேட்டாள். கிளையிலிருந்து பச்சையாக நீளமாக ஏதோ தொங்கியது.

"காய் இல்ல பாப்பா, கன்னு. மரத்துலயே முளைச்சுத் தொங்குது பாரு. சேத்துல விழுந்தா அங்கயே குத்தி நின்னுக்கும். தண்ணியில விழுந்தா மிதந்து போயி வேற எடத்துல புடிச்சுக்கும்."

உப்புத் தண்ணீரில் விதை முளைப்பது கடினம் என்பதால், தாய்மரத்திலேயே முளைவிட்டபின் இறங்கும் ஏற்பாடு அது. சேற்றிலிருந்து விரல்களாக நீட்டிக்கொண்டிருந்த கண்டல் மரத்தின் வேர்கள், மண்ணுக்குள் காற்று இல்லாததால் மூச்சுவிட மேலே வந்தவை. இன்னொரு மரத்தைக் காட்டி, அதன் பக்கம் கையை நீட்டாதீர்கள் என்றார் படகுக்காரர். தில்லை மரம், அதன் பால் கண்ணில் பட்டால் பார்வைக்கே ஆபத்து. அம்மா கையெடுத்துக் கும்பிட்டாள். சிதம்பரம் கோயிலின் தலமரம் அவளுக்கு அது. ஒரே மரம் பாட்டிக்குச் சாமி, பேத்திக்கு நஞ்சு. ஒருவருக்கொருவர் விளக்கிக்கொண்டு வந்தார்கள்.

2004 டிசம்பர் 26 பற்றியும் பேச்சு வந்தது. சுனாமி வந்தபோது இந்தக் காட்டுக்குப் பின்னால் இருந்த குடியிருப்புகளில் சேதம் குறைவாக இருந்ததைப் பின்னர் ஆய்வாளர்கள் பதிவு செய்தார்கள். "அலை இதுக்குள்ள வந்து தடுமாறிடுச்சு," என்றார் படகுக்காரர். திரும்பி வரும்போது, 'இதயக்கனி' படத்துக்கு எம்.ஜி.ஆர். இங்கேதான் வந்தார் என்று அவர் சொல்ல, அம்மாவின் முகம் முதல்முறையாகப் பிள்ளைகளின் முகத்தைவிட அதிகம் மலர்ந்தது. பாட்டிக்கும் அங்கே வேலை இருந்தது.

தரங்கம்பாடி: பந்து பொறுக்குவது

கொள்ளிடத்தைக் கடந்து தரங்கம்பாடிக்கு வரும்போது மதியம் சாய்ந்துவிட்டது. தஞ்சை ரகுநாத நாயக்கரிடம் அனுமதி பெற்று டேனிஷ்காரர்கள் 1620-இல் கட்டிய கோட்டை, கடலைப் பார்த்தபடி நிற்கிறது. 1845-இல் ஆங்கிலேயர்களிடம் விற்றுவிட்டுப் போகும்வரை இது அவர்களுடைய ஊர். 1706-இல் இங்கே வந்திறங்கிய சீகன்பால்கு தமிழ் கற்றார். ஜெர்மனியிலிருந்து அச்சுக்கு வந்த தமிழ் எழுத்துகள் மிகப் பெரியவையாக இருக்கவே, சிறிய எழுத்துகளை இங்கேயே வார்த்து 1715-இல் தமிழ்ப் புதிய ஏற்பாட்டை அச்சிட்டார்கள். ஒரு பத்திரிகைக்காரிக்கு இதைவிடப் புனிதமான மண் கிடையாது.

பெரியவள் கோட்டையின் கீழ்த்தளத்துக் கிடங்குகளிலும் சிறை அறையிலும் புகுந்து புறப்பட்டாள். இருட்டும் தடித்த சுவரும் அவளுக்குப் போதுமாயிருந்தன. சின்னவனுக்குக் கோட்டையும் வேண்டாம், அதற்குள் வைத்திருந்த நூறாண்டுப் பாத்திரங்களும் வேண்டாம். வெளியே திடலில் ஊர்ப் பையன்கள் கிரிக்கெட் ஆடிக்கொண்டிருந்தார்கள். எல்லைக்கோட்டில் போய் நின்றான். கொஞ்ச நேரத்தில் ஒரு பந்து அவன் பக்கம் உருண்டு வந்தது. எடுத்து வீசினான். "டேய், குட்டி நல்லா போடறாண்டா, அங்கயே நில்லு!" என்றான் ஒருவன். 400 வருடக் கோட்டைக்கு முன்னால் அவன் இருட்டும்வரை பந்து பொறுக்கிப் போட்டான். ஊருக்குத் திரும்பியபின் தரங்கம்பாடியில் என்ன பார்த்தாய் என்று கேட்டவர்களிடம் எல்லாம் எத்தனை பந்து பிடித்தான் என்றுதான் சொல்கிறான். வரலாறு எங்கும் ஓடிவிடாது. அவன் பத்து வயதில் மறுபடி வரும்போது சிறை அறைக்குள் அவனே நுழைவான்.

கோட்டை மதிலோரம் உட்கார்ந்து சுண்டல் தின்றபோது அடுத்த பயணத்தைப் பற்றிய பேச்சு தொடங்கியது. ஊட்டி என்றார் என் கணவர். குளிரும், ரோஜாத் தோட்டமும், ஏரியும் என்று அவர் அடுக்க, பெரியவள் குறுக்கிட்டாள். "தோட்டத்துல எங்களுக்கு என்னப்பா வேலை?" அவளிடம் வேறு திட்டம் இருந்தது. பள்ளி நூலகத்தில் படித்திருக்கிறாள். மேட்டுப்பாளையத்திலிருந்து மலை ரயிலில் போக வேண்டும். 46 கிலோமீட்டர். கல்லாறிலிருந்து குன்னூர் வரை தண்டவாளங்களுக்கு நடுவே பல் வைத்த இன்னொரு கம்பி இருக்கும். எஞ்சினின் பல்சக்கரம் அதைக் கவ்விக் கவ்வி ஏறும். எஞ்சின் பின்னாலிருந்து தள்ளுமாம், ஆகவே முன்பெட்டியில் இடம் பிடித்தால் முன்னால் எதுவுமே மறைக்காதாம். 1899 முதல் அப்படித்தான் ஓடுகிறதாம். பல்சக்கரம் கவ்வும் சத்தம் கேட்கிறதா என்று கவனிப்பது அவள் வேலை. வழியில் 16 குகைகள். எண்ணுவதும் ஒவ்வொன்றிலும் கத்துவதும் தம்பியின் வேலை. ஜன்னலோரம் பாட்டிக்கு. தின்பண்டப் பை அப்பாவிடம்.

"அப்ப எனக்கு என்னடி வேலை?" என்று கேட்டேன்.

"டிக்கெட் கிடைக்கறதுதாம்மா ரொம்பக் கஷ்டமாம். அது உன் வேலை."